அடுத்த சுற்றில் எது வருமோ அதுதான் உங்கள் பாட்டு: பனோரம் பெட்டியும் சவுண்டீஸ் படங்களும், ஒரு நிகழ்வு ஆய்வு

சிகாகோ நகரத்து மில்ஸ் நாவல்ட்டி நிறுவனம் 1940-ஆம் ஆண்டு பனோரம் என்ற பெயரில் ஒரு பெட்டியைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. ஆள் உயரத்தைத் தாண்டி நிற்கும் மரப்பெட்டி அது. மேல்பாதியில் ஒளி ஊடுருவும் மங்கலான திரை இருந்தது; கீழ்ப்பாதியில் ஆர்.சி.ஏ. நிறுவனத்தின் 16 மில்லிமீட்டர் புரொஜெக்டர் மறைந்திருந்தது. பத்து சென்ட் நாணயம் ஒன்றைப் போட்டால் ஏறத்தாழ மூன்று நிமிடத்துக்கு ஒரு பாட்டு, பாடுபவரும் ஆடுபவரும் வாசிப்பவரும் கண்முன் தெரிய, ஓசையோடு படமாக ஓடும். பாட்டு முடிந்ததும் எந்திரம் தானே நின்றுவிடும். அடுத்த நாணயம் விழும்வரை திரை இருண்டு கிடக்கும். இந்தப் பெட்டிக்கென்றே எடுக்கப்பட்ட குறும்படங்களுக்குச் சவுண்டீஸ் என்று பெயரிட்டார்கள். 1946-ஆம் ஆண்டு முடிவதற்குள் 1,800-க்கும் மேற்பட்ட சவுண்டீஸ் படங்கள் எடுக்கப்பட்டன. அதற்குப் பிறகு புதிய படம் எதுவும் வரவில்லை.

இவ்வளவு ஊக்கத்தோடு தொடங்கிய தொழில் ஏழே ஆண்டில் ஏன் படுத்தது என்ற கேள்விக்குப் போர், இசைக்கலைஞர் சங்கத்தின் தடை, தொலைக்காட்சி ஆகிய மூன்றையும் காரணமாகச் சொல்வது வழக்கம். இவற்றில் முதல் இரண்டும் உண்மையிலேயே அடித்தன என்பதை மறுக்க முடியாது. ஆயினும் அந்தத் தொழிலை உள்ளிருந்து அரித்த குறை, பெட்டி வடிவமைக்கப்பட்ட நாளிலேயே அதன் வயிற்றுக்குள் இருந்தது என்பதே என் முடிவு. காசு போடுகிறவர் தமக்கு வேண்டிய பாட்டைத் தேர்ந்தெடுக்க அந்த எந்திரத்தில் வழியே கிடையாது. வணிகத்தைக் கெடுத்த இந்தக் குறைதான், அன்றைய அமெரிக்காவில் வேறெங்கும் கிடைக்காத ஓர் இடத்தைக் கறுப்பினக் கலைஞர்களுக்குத் திரையில் பெற்றுத் தந்தது. இவ்விரண்டையும் சேர்த்துப் பார்க்காமல் சவுண்டீஸ் வரலாற்றைச் சரியாகப் புரிந்துகொள்ள முடியாது என்று கருதுவதால், பெட்டியின் உட்புறத்திலிருந்தே தொடங்குகிறேன்.

பெட்டிக்குள் நடந்தது

மில்ஸ் நிறுவனம் நாணய எந்திரங்களில் பழம் தின்று கொட்டை போட்ட நிறுவனம். சூதாட்ட எந்திரங்களும், வயலினையும் பியானோவையும் ஒருசேரத் தானே வாசிக்கும் வயலானோ என்ற எந்திரமும், பின்னாளில் காசு போட்டால் இசைத்தட்டை ஒலிக்கவிடும் ஜூக்பாக்ஸ் பெட்டிகளும் அதன் பட்டறையிலிருந்து வந்தவை. ஆகவே நாணயத்தை வாங்குவதும் எண்ணுவதும் அதற்குப் பெரிய காரியமல்ல. படச்சுருளைக் கையாள்வதுதான் புதிய சிக்கலாக இருந்தது. திரையரங்கில் புரொஜெக்டர் இயக்குபவர் ஒருவர் இருப்பார். சுருள் முடிந்தால் திருப்பிச் சுற்றுவார், அறுந்தால் ஒட்டுவார். மதுக்கூடத்தின் மூலையில் நிற்கும் பெட்டிக்கு அப்படி ஒருவரை வைக்க முடியாது. அதனால் எட்டுப் படங்களை வரிசையாக ஒட்டி, கடைசிப் படத்தின் வாலை முதல் படத்தின் தலையோடு இணைத்து, முடிவே இல்லாத ஒரு வளையமாக்கிப் புரொஜெக்டரில் மாட்டினார்கள். ஒலியோடு ஓடும் 16 மில்லிமீட்டர் படம் நிமிடத்துக்கு 36 அடி நகரும். மூன்று நிமிடப் பாட்டுக்கு 108 அடி என்றால், எட்டுப் பாட்டுகளுக்கு 860 அடிக்கும் மேல் ஆகிறது. அவ்வளவு நீளமான பிலிம், தன் மேலேயே உரசிக்கொண்டு, நாளெல்லாம் அந்தப் பெட்டிக்குள் சுற்றிவந்தது.

சுற்றும் வளையத்தில் முன்னும் பின்னும் தாவ இயலாது. மூன்றாவது பாட்டு ஓடி முடிந்திருக்கிறது என்றால் அடுத்து நாணயம் போடுகிறவருக்கு நான்காவதுதான். ஏழாவது பாட்டைப் பார்க்க ஆசைப்படுகிறவர் இடையில் உள்ள மூன்றுக்கும் காசு போட்டாக வேண்டும், அல்லது வேறு யாரேனும் போடும்வரை காத்திருக்க வேண்டும்.

படம் திரைக்கு வந்த வழியும் கவனிக்கத்தக்கது. கீழே இருக்கும் புரொஜெக்டரின் ஒளி கண்ணாடிகளில் பட்டு மேலேறி, திரையின் பின்புறத்தில் விழும். பார்ப்பவர் முன்புறத்திலிருந்து அதைக் காண்பார். இந்த வழியில் படம் இடவலம் மாறிவிடும் என்பதால், அதைச் சரிக்கட்டப் பிரதிகளையே இடவலம் மாற்றி அச்சிட்டார்கள். இன்றைக்கு இணையத்தில் கிடைக்கும் சில பிரதிகளில் இதன் தடயத்தை நேரில் பார்க்கலாம். யாரோ ஒருவர் அந்தப் பிலிமைச் சாதாரணப் புரொஜெக்டரில் ஓட்டிப் பதிவுசெய்திருப்பார். தொடக்கத்தில் வரும் தலைப்பெழுத்துகள் இடவலம் மாறி நிற்கும். எழுத்து மறைந்த பிறகும் கண் உறுத்திக்கொண்டே இருக்கும். பியானோவின் கனத்த சுரங்கள் வாசிப்பவரின் வலப்பக்கம் போயிருக்கும், கிட்டார் வாசிப்பவர் அனைவரும் இடக்கைக்காரர்களாகத் தெரிவார்கள், கோட்டுப் பொத்தான்கள் எதிர்ப்பக்கம் மாறியிருக்கும். எந்தப் பெட்டிக்காக அந்தப் பிரதி பிறந்ததோ அந்தப் பெட்டி இல்லாமல் அதைச் சரியாகப் பார்க்க முடியாது என்பதை இதைவிடத் தெளிவாக எந்த ஆவணமும் சொல்லிவிடாது.

கணக்கு ஏன் ஒத்துவரவில்லை

பனோரம் போட்டியிட்டது திரையரங்கோடு அல்ல, ஜூக்பாக்ஸோடு. இரண்டும் ஒரே மதுக்கூடத்தில், ஒரே உணவகத்தில், ஒரே சில்லறைக்காகக் காத்து நின்றன. அந்தக் காலத்து ஜூக்பாக்ஸ் ஒன்றில் 20 அல்லது 24 இசைத்தட்டுகள் இருக்கும். ஐந்து சென்ட் போட்டுப் பொத்தானை அழுத்தினால் கேட்ட பாட்டு ஒலிக்கும். பனோரமில் இரட்டிப்பு விலை கொடுத்தும் வந்ததைத்தான் பார்க்க வேண்டும். ஒருவர் தாமே எட்டுப் படங்களையும் பார்த்துவிட நினைத்தால் 80 சென்ட் செலவாகும். 1939 அக்டோபரிலிருந்து அமெரிக்கக் கூட்டாட்சிச் சட்டப்படி குறைந்தபட்சக் கூலி மணிக்கு 30 சென்ட்டாக இருந்தது. அந்தக் கூலிக்கு உழைத்த ஒருவருக்கு எட்டுப் பாட்டு என்பது இரண்டரை மணி நேரத்துக்கும் மேலான உழைப்பு.

இதைவிட ஆழமான இடர்ப்பாடு ஒன்று உண்டு. பாட்டு காதுக்கு உரியதாக இருக்கும்போது ஒரே பாட்டைத் திரும்பத் திரும்பக் கேட்க ஆசை வரும். பேசிக்கொண்டே கேட்கலாம், குடித்துக்கொண்டே கேட்கலாம், ஆடலாம். படமாக வரும்போது கண் அதைப் பிடித்துவைக்கிறது. இரண்டாவது முறை பார்க்கும் ஆவல் பாதியாகக் குறைந்துவிடுகிறது. அத்துடன், ஒருவர் போட்ட பத்து சென்ட்டில் கூடத்தில் இருக்கும் அனைவரும் படம் பார்த்துவிடுவார்கள். எட்டுப் பாட்டும் ஒரு சுற்று வர 24 நிமிடம் போதும். மாலையில் வந்து அமர்ந்த வாடிக்கையாளர்கள் இரவுச் சாப்பாட்டுக்கு முன்பே அந்த வாரத்துச் சுருளை முழுவதும் பார்த்து முடித்திருப்பார்கள், அவர்களில் பலர் ஒரு காசும் போடாமலே. ஆகவே வாரந்தோறும் சுருளை மாற்றியே தீரவேண்டியிருந்தது. சவுண்டீஸ் விநியோக நிறுவனம் வாரத்துக்கு எட்டுப் புதிய படங்களைக் கோத்து அனுப்பியது. பெட்டியை நடத்துபவர் அதற்கு வாடகை கட்ட வேண்டும். ஜூக்பாக்ஸ் நடத்துபவர் ஓடாத தட்டை மட்டும் எடுத்துவிட்டு ஓடுகிற தட்டை மாதக்கணக்கில் வைத்திருப்பார். பனோரம் நடத்துபவருக்கோ எட்டில் ஒரு பாட்டு ஊரையே ஈர்த்தாலும், அதையும் ஏனைய ஏழோடு சேர்த்துத் திருப்பி அனுப்ப வேண்டிய நிலை.

இவற்றின் மேல்தான் 1942-இன் அடிகள் விழுந்தன. போர்த் தேவைகளுக்காக நாணய எந்திர உற்பத்தி நிறுத்தப்பட்டது. பனோரம் பெட்டிகளின் எண்ணிக்கை சில ஆயிரத்தோடு நின்றுபோனது. நாடெங்கும் லட்சக்கணக்கில் பரவியிருந்த ஜூக்பாக்ஸுக்கு முன் அது சிறு எண்ணிக்கை. அதே ஆண்டு ஆகஸ்ட் 1 அன்று, ஜேம்ஸ் பெட்ரிலோ தலைமையிலான அமெரிக்க இசைக்கலைஞர் கூட்டமைப்பு ஒலிப்பதிவுகளில் வாசிப்பதில்லை என்று வேலைநிறுத்தம் அறிவித்தது. ஒலித்தட்டும் ஜூக்பாக்ஸும் மேடையில் வாசிப்பவர்களின் பிழைப்பைப் பறிக்கின்றன என்பது அவர்களின் மனக்குறை; அதில் நியாயம் இருந்தது என்றே நினைக்கிறேன். ஆனால் சவுண்டீஸ் தயாரிப்பு முறையே முன்கூட்டிய ஒலிப்பதிவை நம்பியிருந்தது. நம் திரைப்படப் பாடல்களைப் போலவே, முதலில் பாட்டைப் பதிவுசெய்து, பிறகு அதை ஒலிக்கவிட்டு, வாயசைத்தும் வாசிப்பது போல் நடித்தும் படம்பிடித்தார்கள். வாரந்தோறும் எட்டுப் படம் கேட்கும் எந்திரத்துக்குப் பதிவுக்கூடம் அடைபட்டால் என்ன ஆகும் என்பதை விளக்க வேண்டியதில்லை.

தொலைக்காட்சியைக் குற்றவாளியாக்குவதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. 1946-இல் அமெரிக்க வீடுகளில் தொலைக்காட்சி மிக அரிதாகவே இருந்தது. மதுக்கூடங்களில் அது பரவியது அதற்குப் பின்புதான். சவுண்டீஸ் தயாரிப்பு நின்றபோது, போட்டியாளர் இன்னும் வாசலுக்கே வந்து சேரவில்லை.

யார் எடுத்தார்கள், யார் நடித்தார்கள்

தயாரிப்பு பல கைகளில் இருந்தது. அதிபர் பிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டின் மகன் ஜேம்ஸ் ரூஸ்வெல்ட் தொடக்கத்தில் குளோப் நிறுவனத்தின் மூலம் இறங்கினார். பின்னர் ரூஸ்வெல்ட், பாடலாசிரியர் சாம் காஸ்லோ, மில்ஸ் ஆகிய பெயர்களின் ஆங்கில முதலெழுத்துகள் சேர்ந்து ஆர்.சி.எம். என்ற நிறுவனம் ஆனது. நியூயார்க்கில் மில்ஸ் நிறுவனத்துக்கே சொந்தமான மினோகோ இயங்கியது. பிற்பகுதியில் பில்ம்கிராப்ட் பெரும்பங்கு வகித்தது. குறைந்த செலவு, ஒரே செட், ஒரே நாளில் ஒரே குழுவை வைத்துப் பல பாட்டுகள் என்பதே பொதுவான போக்கு. நாட்டுப்புறப் பாட்டு, போல்கா, லத்தீன் அமெரிக்க இசை, பெரிய வாத்தியக் குழுக்களின் ஸ்விங், போர்க்கால நாட்டுப்பற்றுப் பாட்டு என எல்லாம் ஒரே சுருளில் அடுத்தடுத்து வந்தன. பின்னாளில் பெயர்பெற்ற டோரிஸ் டே, லிபராச்சே போன்றோர் இளம் வயதில் இந்தத் திரையில் தோன்றியவர்கள்.

ஆனால் இந்தப் படங்களை இன்றும் தேடிப் பார்க்க வைப்பவர்கள் வேறு. டியூக் எலிங்டன், கவுண்ட் பேசி, கேப் காலவே, பேட்ஸ் வாலர், லூயி ஆம்ஸ்ட்ராங், லூயி ஜோர்டன், நாட் கிங் கோல், சகோதரி ரொசெட்டா தார்ப், டோரதி டான்ட்ரிட்ஜ் ஆகிய கறுப்பினக் கலைஞர்களின் படங்களே சவுண்டீஸின் உயிர். மொத்தம் 1,800-ஐத் தாண்டும் படங்களில் 300-க்கும் மேற்பட்டவை கறுப்பினக் கலைஞர்களை முதன்மையாகக் கொண்டவை. ஏறக்குறைய ஆறில் ஒன்று.

அந்த விகிதம் எத்தகையது என்பதை அதே ஆண்டுகளின் ஹாலிவுட்டோடு வைத்துப் பார்க்க வேண்டும். பெரிய ஸ்டுடியோக்களில் லீனா ஹார்ன் போன்ற ஒரு கறுப்பினப் பாடகிக்குக்கூடக் கதையோடு ஒட்டாத தனிப்பாட்டுக் காட்சிதான் பெரும்பாலும் கிடைத்தது. தென்மாநிலத் திரையரங்குகளில் அந்தக் காட்சியை மட்டும் கத்தரித்து எறிந்தாலும் கதை குலையாமல் இருக்க வேண்டும் என்பதே ஏற்பாடு. மற்றவர்களுக்கு வேலைக்காரி, சுமைதூக்கி, வாயிற்காவலர் வேடங்கள். சவுண்டீஸில் கதை இல்லை. மூன்று நிமிடமும் திரை முழுவதும் பாடுபவருக்கே உரியது. யாருக்கும் தட்டு ஏந்தி நிற்காமல், யாருடைய கதைக்கும் துணையாக வராமல், தம் கலையோடு மட்டும் நிற்க அந்த மூன்று நிமிடம் இடம் கொடுத்தது.

இங்கேதான் பெட்டியின் குறை வேறொரு பொருள் பெறுகிறது. வாரச் சுருளில் பெரும்பாலும் ஒரு படமாவது கறுப்பினக் கலைஞருடையதாக இருந்தது. அந்தப் படம் தனி அரங்கத்தில் அல்ல, வெள்ளையர் குழுக்களின் படங்களுக்கு நடுவில், அதே வளையத்தில் ஒட்டப்பட்டுச் சுற்றியது. பொத்தான் இருந்திருந்தால் வெள்ளையர் மட்டும் வந்துபோகும் ஒரு மதுக்கூடத்தில் அதைத் தாண்டிச் சென்றிருப்பார்கள். தாண்ட வழியில்லை; அடுத்த பாட்டு வேண்டுமென்றால் இதற்கும் காசு போட்டாக வேண்டும். இசைத்தட்டு வணிகம் அக்காலத்தில் கறுப்பினத்தார் வாங்குவதற்கென்று தனி வரிசைத் தட்டுகளை வெளியிட்டது. தங்கும் விடுதி, பேருந்து, திரையரங்கு இருக்கை எல்லாம் நிறத்தின்படி பிரிக்கப்பட்டிருந்தன. அத்தகைய நாட்டில், தேர்வு இல்லாத ஓர் எந்திரம் யாரும் திட்டமிடாமலே பிரிவினையின் சுவரில் ஒரு சன்னலைத் திறந்துவிட்டது.

அந்தச் சன்னல் முழுமையாகத் திறந்திருந்தது என்று சொன்னால் அது பொய்யாகும். விநியோகப் பட்டியல்களில் இந்தப் படங்கள் நிறத்தைக் குறிப்பிட்டுத் தனி வகையாகவே அச்சிடப்பட்டன. விரும்பாத இடங்களில் மாற்றிக்கொள்ளவும் முடிந்தது. படங்களுக்குள்ளேயும் பழைய இழிவுகள் குடியிருந்தன. 1942-இல் ஆம்ஸ்ட்ராங் நடித்த நான்கு படங்களுள் ஒன்றில் பருத்திப் பொதிகளுக்கு நடுவே சோம்பிக் கிடக்கும் அமெரிக்கத் தென்மாநிலக் காட்சியை அமைத்திருக்கிறார்கள். அந்த மகத்தான ஊதுகொம்புக் கலைஞரை அந்தச் சூழலில் பார்க்க மனம் கனக்கிறது. டான்ட்ரிட்ஜுக்கு ஒரு படத்தில் காட்டுவாசி வேடம் கட்டியிருக்கிறார்கள். ஆனால் 1942-இன் இன்னொரு படத்தில் அதே டான்ட்ரிட்ஜ் கௌபாய் உடையில் மேற்கத்திய மதுக்கூடம் ஒன்றுக்குள் நின்று பாடுகிறார். கண்ணின் குறும்பும் தோளின் அசைவும் அந்த மலிவான செட்டை மறக்கடித்துவிடுகின்றன. 1954-இல் வெளியான படத்துக்காகச் சிறந்த நடிகைக்கான ஆஸ்கர் பரிந்துரையைப் பெற்ற முதல் கறுப்பினப் பெண் அவரே. கேமராவை எப்படித் தன்பக்கம் இழுப்பது என்பதை அவர் பயின்ற பட்டறைகளுள் இந்தப் பத்து சென்ட் படங்களும் ஒன்று என்பது அந்த மூன்று நிமிடத்திலேயே தெரிகிறது.

1942-இல் டிரம்ஸ் கலைஞர் ஜீன் குரூப்பா குழுவின் ஒரு பாட்டும் படமானது. அதில் வெள்ளையினப் பாடகி அனிதா ஓடேயும் கறுப்பினக் கொம்பிசைக் கலைஞர் ராய் எல்ட்ரிட்ஜும் எதிரெதிரே நின்று உரையாடிப் பாடுகிறார்கள். தோழமையான, சமமான, சற்றுக் கேலியும் கலந்த உரையாடல். இருவரும் ஒரே சட்டகத்துக்குள் நிற்பதே அன்று பல ஊர்களில் பொறுக்க முடியாத காட்சி.

இரண்டு படங்கள், அருகிலிருந்து

பியானோ கலைஞர் டியூக் எலிங்டனின் ஜாஸ் குழு 1941-இல் ஓர் இசைநாடகத்துக்காக லாஸ் ஏஞ்சல்ஸில் தங்கியிருந்தது; அந்த ஆண்டின் இறுதியில் அங்கேயே ஐந்து சவுண்டீஸ் படங்களை எடுத்தார்கள். ஜாம் செஷன் என்று தலைப்பிட்ட படத்தில் ஒரு சிறிய மதுக்கூடம்தான் செட். எலிங்டன் பியானோவில் மிக எளிய ஒரு மெட்டைத் தொடங்குகிறார். இரண்டே சுரங்களால் கட்டிய மெட்டு அது. ரே நான்ஸ் வயலினோடு வருகிறார், ரெக்ஸ் ஸ்டூவர்ட் கார்னெட் என்ற சிறு ஊதுகொம்போடு வருகிறார், பென் வெப்ஸ்டர், ஜோ நாண்டன், பார்னி பிகார்ட், சானி கிரியர் என ஒவ்வொருவராகச் சேர்ந்து ஒரு சுற்று வாசித்து மெட்டை அடுத்தவருக்குக் கைமாற்றுகிறார்கள். நம் கச்சேரியில் தனி ஆவர்த்தனம் கைமாறும்போது வரும் அதே எதிர்பார்ப்பு இங்கேயும் உண்டாகிறது. மதுக்கூடத்தின் மூலையில் நின்ற பெட்டிக்குள் இன்னொரு மதுக்கூடம், அதற்குள் அந்த நூற்றாண்டின் தலைசிறந்த இசைக்குழுக்களுள் ஒன்று. விலை பத்து சென்ட். வாயசைப்பு முறை என்பதால் ஒலியும் கையசைவும் அங்கங்கே ஒட்டாமல் போகின்றன. ஆயினும் முகங்கள் பொய் சொல்லவில்லை. ஒருவர் வாசிக்கும்போது மற்றவர்கள் கேட்கும் விதத்தைக் கவனித்தால், இந்தக் குழு ஏன் அப்படி ஒலித்தது என்பது விளங்குகிறது.

ஹாட் சாக்லேட் என்ற படத்தில் அதே குழு காட்டன்டெயில் என்ற உருப்படியை வாசிக்கிறது. வெப்ஸ்டரின் சாக்சபோன் பகுதிக்குப் பிறகு வைட்டீஸ் லிண்டி ஹாப்பர்ஸ் குழுவின் ஜோடிகள் பாய்ந்து வருகிறார்கள். அவர்கள் ஆடும் லிண்டி ஹாப், நியூயார்க்கின் கறுப்பினப் பகுதியான ஹார்லெமின் சவாய் ஆட்டக்கூடத்தில் வளர்ந்த ஜோடி நடனம். ஆண் பெண்ணைத் தூக்கி வீசுகிறார், அவர் காற்றில் திரும்பித் தாளம் தவறாமல் தரையில் இறங்குகிறார். அதே வேகத்தில் அடுத்த ஜோடி. லிண்டி ஹாப் அதன் உச்சத்தில் படமாக்கப்பட்ட தருணங்கள் மிகச் சில. அதனால் இன்றைக்கும் பல நாடுகளில் அதைக் கற்பவர்கள் இந்தப் படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்து அடிகளை எண்ணுகிறார்கள். ஆடியவர்கள் இதைப் பாடமாக நினைத்து ஆடியிருக்க மாட்டார்கள். ஒரு வாரம் ஓடிவிட்டுப் போகப்போகும் சுருள் என்றே எண்ணியிருப்பார்கள்.

மூடிய பிறகு

தயாரிப்பு நின்றபின் படங்களை வீட்டுத் திரையிடலுக்கு 16 மில்லிமீட்டர் பிரதிகளாக விற்றார்கள். தொலைக்காட்சி வளர்ந்தபோது நிகழ்ச்சிகளுக்கு இடையே நேரம் நிரப்பவும் அவை பயன்பட்டன. பனோரம் பெட்டிகள் சிலவற்றை ஒருவர் மட்டும் குனிந்து பார்க்கும் பெட்டிகளாக மாற்றியமைத்தார்கள். கூடத்துக்கே பாட்டுக் காட்டிய பெட்டிக்கு அது இரங்கத்தக்க முடிவு. தேர்வு இல்லாத குறையைப் பிரான்சில் 1960-இல் வந்த ஸ்கோபிடோன் என்ற படப்பெட்டி தீர்த்துவைத்தது. அதில் 36 வண்ணப் படங்கள் இருந்தன, வேண்டியதைப் பொத்தான் அழுத்திப் பார்க்கலாம். அது பாரிஸின் வட ஆப்பிரிக்கக் குடியேறிகளின் தேநீர்க் கடைகளில் அரபு மொழிப் பாட்டுகளோடும் அல்ஜீரியாவின் கபில் மொழிப் பாட்டுகளோடும் நெடுநாள் நிலைத்தது. அங்கே அவரவர் மக்கள் அவரவர் பாட்டைத் தேர்ந்தெடுத்துப் பார்த்தார்கள். பனோரம் செய்ததோ அதற்கு நேர் எதிரானது. தேடிப் போயிருக்கவே மாட்டாதவர்களின் முன்னால் ஒரு பாட்டைக் கொண்டுபோய் நிறுத்தியது.

2023-இல் இருநூறு சவுண்டீஸ் படங்கள் நல்ல பிரதிகளிலிருந்து எடுக்கப்பட்டுத் தொகுப்பாக வெளிவந்தன. தலைப்பெழுத்துகள் அதில் நேராக நிற்கின்றன, பியானோ சரியான பக்கம் திரும்பியிருக்கிறது. விரும்பிய படத்தைத் தொட்டவுடன் பார்க்கலாம், வேண்டாததைத் தள்ளிவிடலாம். நான் ஒருமுறை எதையும் தேர்ந்தெடுக்காமல் எட்டுப் படங்களை வரிசையாக ஓடவிட்டேன். என்னை ஈர்க்காத ஒரு நகைச்சுவைப் பாட்டு முடிந்து திரை இருண்டது. அடுத்த நொடியில் பேட்ஸ் வாலர் பியானோ முன்னால் அமர்ந்து, புருவத்தை உயர்த்தி, நேராக என்னைப் பார்த்தார்.